நாலாம் பட்டன்

தணிகைவேலின் வாயில் ஒரு வியாதி இருந்தது. எதிரில் இருப்பவர் எதைச் சொன்னாலும் "எங்க காலத்துல" என்று ஆரம்பித்துவிடுவான். வயது என்னவோ நாற்பத்திரண்டுதான். இந்த வயசுக்காரனுக்குத் தனியாக ஒரு காலம் ஏது என்று அவனே சில நேரம் யோசித்தது உண்டு. ஆனால் யோசித்து முடிப்பதற்குள் வாய் பாதி தூரம் போயிருக்கும்.

நெட் வரவில்லை என்று மகள் அனுப்ரியா முனகினால், "எங்க காலத்துல நெட்டே கெடையாது." மிக்ஸி ஓடவில்லை என்று மனைவி சசிரேகா சொன்னால், "எங்க காலத்துல எல்லாம் அம்மிதான்." அவன் அம்மா அம்மியைத் தொட்டு அவன் பார்த்ததே இல்லை. பஸ்ஸில் கூட்டம் என்றால், "எங்க காலத்துல வாலாஜாபாத் வரைக்கும் ஃபுட்போர்டுலயே போவோம்." ஃபுட்போர்டில் அவன் தொங்கியது வாழ்க்கையில் ஒரே ஒரு முறை. அன்றைக்கும் ஒரு செருப்பு கழன்று விழுந்து, அதை எடுக்க இறங்கி, மீதித் தூரத்தை நடந்தே கடந்தான். அந்தப் பகுதியை மட்டும் சொல்ல மாட்டான்.

இந்த 'எங்க கால'த்தின் உச்சியில் கொடி நட்டு நிற்பது பாம்பு கேம். பழைய பட்டன் போனில், பச்சைத் திரையில், ஒரு கறுப்புப் பாம்பு புள்ளிகளைத் தின்று வளருமே, அதேதான். அதில் அவன் ஆயிரத்து நானூற்று ஐம்பத்தெட்டு எடுத்திருந்தான். உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டு டீக்கடை பெஞ்சில், நாலைந்து பேர் தோளுக்குப் பின்னால் நின்று பார்க்க எடுத்தது. அதற்கு மேல் அந்த வட்டாரத்தில் யாரும் எடுத்ததில்லை.

அவன் அதைப் பிடித்துக்கொண்டு தொங்கியதற்குக் காரணம் இருந்தது. வேறு எதிலும் அவன் முதலாவதாக வந்ததில்லை. ப்ளஸ் டூ இரண்டாவது முயற்சியில் தேறியது. அப்பாவின் தறியில் உட்கார்ந்தால் இழை அறுந்தது. கூரியர் கடை வைத்தான். அதன் பெயர்ப் பலகை இப்போது மாடிப்படிக்குக் கீழே துணி ஊற வைக்கும் வாளிக்கு மூடியாக இருக்கிறது. இன்று பஜார் தெரு உரக்கடையில் பில் போடுகிறான். அங்கேயும் அவனுக்கு மேலே ஒருத்தர் இருக்கிறார். ஆக, முதலிடம் என்று ஒன்றை அவன் பார்த்தது அந்தச் சின்னத் திரையில் மட்டும்தான்.

மார்கழிக் கடைசியில் ஒரு சாயங்காலம் அனுப்ரியா போனும் கையுமாக வந்தாள். காஞ்சிபுரத்தில் பி.காம். முதல் வருஷம் படிப்பவள்.

"அப்பா, இத்த பாத்தியா? காணும் பொங்கலுக்கு உனுக்குன்னே ஒரு ஐட்டம் வெச்சிகீறானுங்க."

இளைஞர் மன்றத்தின் அறிவிப்பு. உறியடி, ஸ்லோ சைக்கிள், லெமன் ஸ்பூன், கோலப்போட்டி என்று போய், கடைசி வரியில்: நாற்பது தாண்டிய அங்கிள்களுக்கு மட்டும், அவரவர் பழைய பட்டன் போனில் பாம்பு கேம். முதல் பரிசு எவர்சில்வர் குடம்.

"அங்கிள்னு போட்டுகீறானுங்க," என்றாள் சசிரேகா.

"போட்டிய பாரு. வார்த்தைய பாக்காத," என்றான் தணிகைவேல். மார்பு தானாக ஒரு அங்குலம் முன்னால் வந்தது. "இதுல நான் கலந்துக்கறது மத்தவனுங்களுக்குப் பண்ற துரோகம். எங்க காலத்துல..."

"நிறுத்து," என்றாள் அனுப்ரியா. "பெட்டு வெச்சிக்கலாமா?"

"ஜெயிச்சா?"

"ஜெயிச்சா ஒரு வருஷத்துக்கு நீ இன்னா கதை சொன்னாலும் போன கீழ வெச்சிட்டு கேக்கறேன்."

"தோத்தா?"

தாயும் மகளும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இதைப் பற்றி அவர்கள் ரொம்ப நாளாகவே பேசி வைத்திருந்தார்கள் என்று அந்தப் பார்வையிலேயே தெரிந்தது.

"தோத்தா, இனிமே இந்த வூட்ல 'எங்க காலத்துல'ன்னு ஒரு தடவகூட சொல்லக் கூடாது. சாவற வரைக்கும்."

"நல்ல நாள் வர நேரத்துல சாவு கீவுன்னு இன்னாடி பேச்சு," என்று சசிரேகா அதட்டினாள். "ரிட்டயர் ஆவற வரைக்கும்னு சொல்லு."

தணிகைவேல் உடனே ஒப்புக்கொண்டான். ஒப்புக்கொண்ட பிறகுதான் மனசுக்குள் கணக்குப் போட்டான். அந்த இரண்டு வார்த்தை போனால் அவன் பேச்சில் பாதி போய்விடும். மீதிப் பாதி யூரியா விலையும், "சோறு போடு"வும்தான்.

போன் பீரோவில் இருந்தது. அறுந்த கொலுசும், கூரியர் கடையின் ரப்பர் ஸ்டாம்பும் கிடந்த டப்பாவுக்குள், தலையில் டார்ச் வைத்த அதே பழைய நோக்கியா. எடுத்துத் துடைத்தபோது அதில் ஒரே ஒரு குறைதான் அவன் நினைவுக்கு வந்தது: நாலாம் நம்பர் பட்டன் வேலை செய்யாது.

அது வாங்கின மாசமே நடந்த விபத்து. தெருவில் அப்பா தறிக்கான பாவு நூலை நீட்டிக் கஞ்சி போட்டுக்கொண்டிருந்தார். ஒத்தாசைக்குப் போன தணிகைவேல், ஒரு கையில் கஞ்சிச் சட்டியும் இன்னொரு கையில் பாம்புமாக நின்றான். பாம்பு தப்பித்தது. போன் சட்டிக்குள் விழுந்தது. எடுத்து, கழுவி, வெயிலில் காய வைத்ததில் எல்லாம் பிழைத்துக்கொண்டது, நாலைத் தவிர.

அந்த ஒரு பட்டன் அவன் வாழ்க்கையைக் கொஞ்சம் கோணலாக்கிவிட்டது. நம்பரில் நாலு இருக்கிறவர்களுக்கு அவனால் போன் போட முடியாது. அதனால் நம்பரில் நாலு இல்லாதவர்களாகப் பார்த்து நெருங்கிப் பழகினான். ஆங்கில எழுத்தில் ஜி, எச், ஐ மூன்றும் அந்த நாலுக்குள்தான் குடியிருந்தன. சசிரேகாவுக்கும் அவனுக்கும் நிச்சயமான புதிதில், மெசேஜில் தன் பெயரை அடித்தால் 'தனாவேல்' என்றுதான் போகும். யாரோ தனாவேல் என்று ஒருத்தன் பெண்ணுக்கு ராத்திரியானால் மெசேஜ் அனுப்புகிறான் என்று அவள் வீட்டில் ஒரு வாரம் ரகளை. புள்ளலூரிலிருந்து மாமனாரே கிளம்பி வந்து, "தனாவேல்னு ஒங்களுக்கு யாராவது விரோதி கீறானா மாப்ள?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

"இந்த நாலையும் சரி பண்ணிட்டா, ஆயிரத்தைந்நூறைத் தாண்டிடுவேன்," என்று சசிரேகாவிடம் சொன்னான். "ஒரு பட்டன் இல்லாமயே ஆயிரத்து நானூத்து ஐம்பத்தெட்டு. யோசிச்சுப் பாரு."

அவள் யோசித்ததாகத் தெரியவில்லை.

பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் மொபைல் சர்வீஸ் கடை வைத்திருக்கும் ஏழுமலை பழைய சிநேகிதன். அவன் நம்பரில் நாலு கிடையாது. போனைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "பேட்டரி இப்பிடி ஊதிகினு கீது. வேற போட்டுக்கலாம். சார்ஜர் என்னாண்ட கீது. வேற இன்னா?" என்றான்.

"நாலு."

"பாக்கறேன். பொங்கல் டைம்பா, கடைல கூட்டம் பேஜாரா கீது. காணும் பொங்கல் காலைல வந்து வாங்கிக்கோ."

"ப்ராக்டீஸ் பண்ண வேணாவா?"

"நீ இன்னாத்துக்கு ப்ராக்டீஸ் பண்ணணும்? நீ யாரு?"

ஏழுமலை இதை அவனைக் கடையிலிருந்து கிளப்புவதற்காகச் சொன்னான். தணிகைவேல் அதைப் பாராட்டாக வாங்கிக்கொண்டு போனான். பயிற்சி என்பது திறமை இல்லாதவர்களுக்கு என்று உரக்கடையில் இரண்டு பேரிடம் சொல்லவும் செய்தான்.

காணும் பொங்கல் காலையில் ஏழுமலை நீட்டிய போனைத் தணிகைவேல் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டான். புதுப் பேனல், புதுக் கீபேடு, கண்ணாடி மாதிரித் திரை. மாப்பிள்ளை அழைப்புக்கு வைக்கலாம் போல இருந்தது.

"உள்ள தொறந்து பாத்தா கஞ்சிப்பா. காஞ்சி கல்லாட்டம் கீது. நாலுக்குக் கீழ அப்பிடியே உக்காந்துகினு கீது. சுரண்டி எடுத்துட்டேன். இப்ப அமுக்கிப் பாரு."

தணிகைவேல் நாலை அமுக்கினான். திரையில் '4' வந்தது. இருபது வருஷத்தில் முதல் தடவை. இன்னொரு முறை அமுக்கினான். இன்னொரு '4'. வாயெல்லாம் பல்லாக, நாலு நாலாக அடித்துக்கொண்டே மைதானத்துக்குப் போனான்.

ஏரிக்கரைக்குக் கீழே ஷாமியானா. லெமன் ஸ்பூன் முடிந்து பிள்ளைகள் ஐஸ் சப்பிக்கொண்டு நின்றார்கள். நடுவில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி, அதற்கு நேர் மேலே கம்பியில் கட்டிய ஒரு செல்போன் கேமரா, பக்கத்தில் பெரிய டிவி. ஆடுகிறவனின் கையும், பட்டனும், பாம்பும் மொத்த ஊருக்கும் தெரியும்படி ஏற்பாடு. மைக்கைப் பிடித்திருந்தவன் மன்றச் செயலாளர் ஹரிஹரசுதன். வேலை கிடைக்காத இன்ஜினீயர். அத்தனை வருஷப் படிப்பும் அவனுக்குத் தொண்டையில்தான் இறங்கியிருந்தது.

"அன்பார்ந்த ஊர்ப் பொதுமக்களே, அடுத்ததாக நமது அங்கிள்களின் வீர விளையாட்டு. ஒவ்வொருத்தருக்கும் ரெண்டு சான்ஸ். எது பெருசோ அதுதான் கணக்கு. வேகம் எல்லாருக்கும் ஏழு, அதனால ஒரு புள்ளிக்கு ஏழு பாயிண்ட். சுவர்ல முட்டினா அவுட் கிடையாது. பாம்பு இந்தப் பக்கம் போனா அந்தப் பக்கம் வரும். தன் ஒடம்பைத் தானே கடிச்சா அவுட். வரிசைக்குக் குடத்துல சீட்டுப் போட்டாச்சு."

பரிசாகத் தரப்போகும் அதே எவர்சில்வர் குடம். குடத்தில் சீட்டுப் போட்டு ஆளைத் தேர்ந்தெடுப்பது உத்திரமேரூர்ப் பக்கம் ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய குடவோலைக் காலத்து வழக்கம்தான். ஆனால் குடத்துக்காகவே குடத்தில் சீட்டுப் போட்டது இதுதான் முதல் தடவையாக இருக்கும்.

முதலில் ரேஷன் கடை பஞ்சாட்சரம். உட்கார்ந்ததும் போனைக் கண்ணருகே கொண்டுபோனார். பிறகு கையை முழுசாக நீட்டிப் பிடித்தார். பிறகு சட்டைப் பையிலிருந்து கண்ணாடியை எடுத்தார்.

"அங்கிள், பாம்பு ஓட ஆரம்பிச்சி ரெண்டு நிமிஷம் ஆவுது."

"எங்க கீது?"

"அவுட் அங்கிள்."

அடுத்த இரண்டு பேரும் ஏறக்குறைய இதே மாதிரிதான் போனார்கள். நாற்பது தாண்டிய கண்களுக்கு அந்தத் திரை ஒரு தபால்தலைதான். பிறகு வந்தான் சாம்சன். குட்டியானை வண்டி ஓட்டுகிறவன். தினமும் மூட்டை ஏற்றி இறக்குகிற கையில் கண்ணாடிப் போன் ஒரு மாசம் தாங்காது என்று இன்னும் பட்டன் போனே வைத்திருந்தான். மற்றவர்களுக்கு அது பழைய போன். அவனுக்கு அது வெறும் போன். லோடுக்குக் காத்திருக்கும் நேரமெல்லாம் அதில்தான் விளையாடுவான் என்பது பிறகுதான் எல்லோருக்கும் தெரிந்தது. ஒரு வார்த்தை பேசாமல் ஆடி, அறுநூற்றுப் பதினாறு எடுத்துவிட்டு, பீடி பற்ற வைக்க ஓரமாகப் போனான்.

"அறுநூத்துப் பதினாறு," என்று தணிகைவேல் தனக்குள் சிரித்துக்கொண்டான். "நான் டீ ஆற வெச்ச நேரத்துல எடுப்பேன்."

நாற்காலியில் உட்கார்ந்தான். சசிரேகாவும் அனுப்ரியாவும் முதல் வரிசையில். மகள் தன் போனைத் தூக்கி வீடியோ எடுக்கத் தயாராக இருந்தாள்.

தொடக்கம் பிரமாதம். பாம்பு வலது பக்கம் ஓடியது. புள்ளியைத் தின்றது. கீழே இறங்க எட்டை அமுக்கினான். இறங்கிய பாம்பு, அவன் சொல்லாமலே இடது பக்கம் திரும்பியது. திடுக்கிட்டு, வலது பக்கம் திருப்ப ஆறை அமுக்கினான். நேர் எதிர்த் திசையில் பாம்பு திரும்பாது, அது கேட்கவில்லை. மறுபடி எட்டு. மறுபடி தானாக இடது பக்கம். கொஞ்ச நேரம் பாம்பும் அவனும் இரண்டு தனித்தனி ஆட்களாக இருந்தார்கள். பிறகு பாம்பு வந்து தன் வாலையே ஒரு கவ்வு கவ்வி நின்றது.

"அறுபத்து மூணு," என்றது மைக். "பொதுமக்களே, அறுபத்துமூவர் உற்சவம் இத்துடன் இனிதே நிறைவுற்றது."

மைதானம் சிரித்தது. ஐஸ் சப்பிய பிள்ளைகள் கூட நிறுத்திவிட்டுச் சிரித்தார்கள். தணிகைவேல் போனைத் திருப்பிப் பார்த்தான், ஏதோ தப்பு அதன் முதுகில் எழுதியிருப்பது போல. ஆயிரத்து நானூற்று ஐம்பத்தெட்டு எடுத்தவன் அறுபத்து மூன்றுக்கு எப்படி வந்தான்? உண்மையிலேயே அதை எடுத்தானா? இருபது வருஷமாகச் சொல்லிச் சொல்லி அவனே நம்பிக்கொண்டிருக்கிறானா? ஃபுட்போர்டு மாதிரி இதிலும் ஒரு செருப்பு விழுந்து, அதை அவன் மறந்துவிட்டானா?

ஷாமியானாவின் ஓரத்துக்கு வந்து நின்றான். அனுப்ரியா வீடியோவை ஓட்டிப் பார்த்துக்கொண்டே வந்தாள். அவள் முகத்தில் சிரிப்பு இல்லை.

"அப்பா, நீ ஏன் எப்பப் பாத்தாலும் நாலு மேலயே வெரல வெச்சிகினு கீற?"

"நானா? இல்லியே."

"தோ பாரு. ஆறு அமுக்கற, நாலு மேல வந்து வெக்கற. எட்டு அமுக்கற, திரும்ப நாலு மேல வந்து வெக்கற."

வீடியோவில் அவன் கட்டைவிரல், வேலை முடிந்ததும் வீட்டுக்குத் திரும்பும் ஆள் மாதிரி, ஒவ்வொரு முறையும் நாலின் மேல் போய் உட்கார்ந்துகொண்டிருந்தது.

"அந்த போன்ல நாலுதான் வேலையே செய்யாதே," என்றாள் சசிரேகா. "தனாவேலுக்குத் தெரியாதா?"

தணிகைவேல் தன் கட்டைவிரலைப் பார்த்தான். நாலு செத்த பட்டன். அதன் மேல் விரலை வைத்தால் எதுவும் ஆகாது. அதனால் சும்மா இருக்கிற நேரத்தில் அவன் விரல் அதையே திண்டாக்கிச் சாய்ந்துகொண்டது. அதுமட்டுமில்லை. இடது பக்கத்துக்கான பட்டனே நாலுதான்; அது இல்லாததால் அவன் பாம்பு இடது பக்கம் திரும்பவே முடியாது. வலது பக்கமாகவே ஓடி, சுவர் வழியாக வெளியே போய், மறுபக்கம் நுழைந்து, ஒரு வரி கீழே இறங்கி, மறுபடி வலது பக்கம். கோடு போட்ட தாளில் எழுதுவது மாதிரி. அப்படிப் போகிற பாம்பு எங்கே தன் வாலைக் கடிக்கும்? மற்றவர்கள் நாலு பக்கமும் சுற்றித் தங்களுக்குத் தாங்களே முடிச்சுப் போட்டுக்கொண்டபோது, அவன் பாம்பு மட்டும் ஒழுங்காக வரி வரியாகப் போனது.

ஆக, சாம்பியன் அவன் இல்லை. அப்பாவின் கஞ்சி.

ஒரு நிமிஷம் அந்த உண்மையைக் கசப்பு மருந்து மாதிரி விழுங்கினான். அடுத்த நிமிஷம் ஏழுமலையைத் தேடி ஓடினான். ஏழுமலை சுண்டல் தின்றுகொண்டிருந்தான்.

"டேய், இந்த நாலைக் கெடுத்துக் குடுறா."

"இன்னாது?"

"எப்பிடி இருந்துதோ அப்பிடியே பண்ணிக் குடு. சீக்கிரம்."

"எனுக்கு ரிப்பேர் பண்ணத்தான்பா தெரியும்."

"ஊர்ல பாதி போனைக் கெடுத்தவனே நீதானடா. இன்னிக்கு இன்னா புதுசா?"

ஏழுமலை கொஞ்சம் புண்பட்ட மாதிரி இருந்தது. ஆனாலும் சட்டைப் பையிலிருந்து குட்டி ஸ்க்ரூ டிரைவரை எடுத்தான். பேனலைக் கழற்றினான். "நாலுக்குக் கீழ எதனா ஒட்டணும். கரண்டு போவாத மாதிரி. கையில டேப்பு இல்ல."

சசிரேகா நெற்றியிலிருந்த ஸ்டிக்கர் பொட்டை உரித்து நீட்டினாள். "இது ஆவுமா?"

ஏழுமலை வாங்கி வெயிலில் பார்த்தான். "அளவெடுத்தாப்ல கீதுமா."

"நீ எந்தக் கட்சி?" என்று தணிகைவேல் மனைவியைக் கேட்டான்.

"தோக்கறதுன்னா ஒழுங்கா தோக்கணும்," என்றாள் அவள். "அறுபத்து மூணுக்குத் தோத்தா, அதுக்கும் ஒரு கதை சொல்லுவீங்க."

ஹரிஹரசுதனிடம் விஷயம் போனது. அவன் விதிமுறையை யோசிப்பது போல மேலே பார்த்தான். "நல்ல போன்ல ஆடணும்னு நாங்க எங்கயும் சொல்லல," என்று தீர்ப்புச் சொல்லி, மைக்கில் அறிவித்தான்: "பொதுமக்களே, தணிகைவேல் மாமா தன் போனைத் தானே கெடுத்துக்கொண்டு களத்தில் இறங்குகிறார்."

அறுநூற்றுப் பதினாறை யாரும் தாண்டாமல் மற்றவர்களின் சான்ஸ் முடிந்த பிறகு, தணிகைவேலின் இரண்டாவது ஆட்டம்.

எட்டு, ஆறு. விரல் நாலின் மேல் போய் உட்கார்ந்தது. கீழே இருந்த பொட்டு அதைத் தாங்கிக்கொண்டது. ஒன்றும் ஆகவில்லை. பாம்பு வலது பக்கம் ஓடி, வெளியே போய், இடது ஓரத்தில் நுழைந்தது. ஒரு வரி இறங்கியது. மறுபடி வலது.

நூறு தாண்டியது. இருநூறு தாண்டியது.

"மாமா வண்டிக்கு லெஃப்ட் இண்டிகேட்டரே இல்ல போல," என்றது மைக். சிரிப்பு எழுந்தது. முந்நூறில் சிரிப்புக் குறைந்தது. நானூறில் பஞ்சாட்சரம் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு டிவி அருகே வந்தார். ஐந்நூறில் சாம்சன் பீடியை அணைத்துவிட்டு வந்து நின்றான். திரை முழுக்கப் பாம்பு. வரிக்கு வரி இடைவெளி, அதற்குள் தலை மட்டும் அலுங்காமல் போய்க்கொண்டிருந்தது.

"ஐந்நூத்தி எண்பத்தெட்டு," என்றாள் அனுப்ரியா. வீடியோ எடுப்பதை மறந்திருந்தாள். போன் தரையைப் படம் எடுத்துக்கொண்டிருந்தது. "அப்பா, அப்பிடியே போ. பேசாத. யாராண்டயும் பேசாத."

அறுநூற்று இரண்டு. அறுநூற்று ஒன்பது. இன்னும் ஒரு புள்ளியைத் தின்றால் சாம்சனுக்குச் சமம். இரண்டு தின்றால் குடம்.

தணிகைவேலுக்கு டீக்கடை பெஞ்சு ஞாபகத்துக்கு வந்துவிட்டது. தோளுக்குப் பின்னால் அதே மூச்சுக் காற்று. ஊரே அவன் விரலைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. அந்த நேரம் பார்த்து ஹரிஹரசுதன் மைக்கை அவன் வாயருகே நீட்டினான்.

"மாமா, சொல்லுங்க. இந்தத் திறமையோட ரகசியம் இன்னா?"

வாயை மூடியிருக்கலாம். தலையை மட்டும் ஆட்டியிருக்கலாம். கஞ்சி என்று ஒரே வார்த்தையில் உண்மையைச் சொல்லியிருக்கலாம். தணிகைவேல் தலையை நிமிர்த்தி, கூட்டத்தை ஒரு சுற்றுப் பார்த்து, மைக்கில் சொன்னான்:

"எங்க காலத்துல..."

டிவியில் பாம்பு, இறங்க வேண்டிய வரியில் இறங்காமல் நேராகப் போய்த் தன் வயிற்றில் முட்டி நின்றது. மூன்று முறை மினுக்கியது. ஒலிபெருக்கியில் அவன் குரல் ஏரி வரைக்கும் போய்த் திரும்பி வந்து, இன்னொரு முறை "எங்க காலத்துல" என்றது.

அறுநூற்று ஒன்பது.

குடத்தைச் சாம்சன் வாங்கிக்கொண்டான். "உன்னுது நல்லா போச்சிண்ணா. பேசாம இருந்திருக்கலாம்," என்றான். அன்று முழுக்க அவன் பேசியது அதுதான். தணிகைவேலுக்கு இரண்டாம் பரிசாக ஒரு எவர்சில்வர் தட்டு கிடைத்தது.

அன்று சாயங்காலம் அந்தத் தட்டிலேயே அவனுக்குச் சோறு போட்டாள் சசிரேகா. நெற்றியில் புதுப் பொட்டு. அனுப்ரியா பழைய போனை வைத்துக்கொண்டு சுவரோரம் உட்கார்ந்திருந்தாள். அவள் போனில் டேட்டா தீர்ந்துவிட்டது. நாலு இல்லாத பாம்போடு ஒரு மணி நேரமாக மல்லுக்கட்டுகிறாள். நூறைத் தாண்ட முடியவில்லை.

"சே, நெட்டும் இல்ல, இதுவும் வரல," என்றாள்.

அந்த வீட்டில் அதைவிட நல்ல சந்தர்ப்பம் இனி வராது. தணிகைவேலின் வாய் திறந்தது. இரண்டு பெண்களும் அவனையே பார்த்தார்கள். வாய் மூடிக்கொண்டது. ஒரு வாய் சோறு உள்ளே போனது. தண்ணீர் குடித்தான். மோர் கேட்டான். வந்த மோரைத் தொடவில்லை. காதுமடல் சிவந்தது.

"பாவமா கீதும்மா," என்றாள் அனுப்ரியா மெதுவாக.

"பெட்டுன்னா பெட்டுதான்," என்றாள் சசிரேகா.

தணிகைவேல் சுவரைப் பார்த்தான். வழியில்லாத பக்கம் திரும்ப முடியாவிட்டால், நேராகப் போய்ச் சுவர் வழியாக வெளியேறி மறுபக்கம் வர வேண்டியதுதான். தட்டைத் தள்ளி வைத்துவிட்டுத் தொண்டையைச் செருமினான்.

"ஒரு ஊர்ல ஒருத்தன் இருந்தான்," என்றான். "அவன் பேரு தனாவேல்."

அனுப்ரியா நிமிர்ந்தாள். "அம்மா, அவுட்டு. அப்பா அவுட்டு."

"எங்கடி சொன்னாரு?" என்று சசிரேகா மோர்க் கிண்ணத்தை அவன் பக்கம் நகர்த்திவிட்டு உட்கார்ந்தாள். "அது வேற யாரோ. எனுக்குத் தெரியும் அந்த ஆள. அப்பப்ப மெசேஜ் அனுப்புவான். நீங்க சொல்லுங்க."